மரச்சாமான் கணக்கு

நாற்பத்திரண்டு முக்காலி.
ஒன்று இருநூற்று அறுபத்தைந்து சொன்னான்.
பிராட்வே வெயிலில் நின்று பேசியதில்
பத்து ரூபாய் இறங்கினான்.
முக்காலி என்கிறோம், கால் என்னவோ நாலு.
பிளாஸ்டிக். எங்கள் பேரேட்டில்
பிளாஸ்டிக்குக்குத் தலைப்பில்லை.
மரச்சாமான் என்று எழுதினேன்.

ஆக மொத்தம் பத்தாயிரத்து எழுநூற்றுப் பத்து.
ஆடித் தள்ளுபடிக்கு
உஸ்மான் ரோடு நெடுக ஒட்டும் போஸ்டர் செலவில்
கால்வாசி.
"உட்கார்ந்தா தூக்கம் வரும்,
தூக்கம் வந்தா வியாபாரம் படுத்துடும்"
என்றார் முதலாளி,
செக்கில் கையெழுத்துப் போட்டுக்கொண்டே.

சட்டத்தின் நகலை நான்தான் கோப்பில் வைத்தேன்.
பழைய சட்டம், நாடு விடுதலையான வருஷத்தது.
அதன் இடுக்கில் புதிதாய் ஒரு பிரிவு,
தாம்பரம் வண்டியில்
மூன்று பேர் பெஞ்சில் நாலாவதாகப்
பாதி உடம்பை ஒட்டிக்கொண்டவர் மாதிரி.
சில வரிகள்தான்.
அதற்கு முன் எங்கள் கோப்பில்
யாருடைய காலும் இருந்ததில்லை.

முதல் நாள் யாரும் உட்காரவில்லை.
முக்காலிகள் நின்றுகொண்டிருந்தன.
சூப்பர்வைசர் ஞானதுரை தன் பங்குக்குச் சட்டம் போட்டார்:
கஸ்டமர் இருந்தால் கூடாது,
கேமராவுக்கு எதிரே கூடாது,
ரெண்டு பேர் சேர்ந்தாற்போல் கூடாது.
தி.நகரில் கஸ்டமர் இல்லாத நேரம் என்பது
மத்தியானம் இரண்டரைக்கும் மூன்றுக்கும் நடுவே,
அதுவும் புதன்கிழமையில்.

அப்படியொரு புதன்கிழமை
மூன்றாம் மாடி, காட்டன் பிரிவில்
கடையநல்லூர் செல்லக்கனி உட்கார்ந்தாள்.
பதினோரு வருஷம் நின்றவள்.
பரீட்சை ஹாலில் போல நுனியில்,
முதுகு நிமிர்த்தி,
செருப்பில்லாத பாதம் இரண்டையும்
ஒன்றின்மேல் ஒன்று வைத்து.
மடித்துக்கொண்டிருந்த புடவையை மட்டும்
மடித்துக்கொண்டேயிருந்தாள்.
பில் புத்தகம் கொடுக்கப் போன நான்
கொடுக்காமலே இறங்கி வந்தேன்.

பிறகு என்ன ஆயிற்று என்று கேட்பவர்களுக்கு:
அந்த மாதம் விற்பனை குறையவில்லை.
கூடவுமில்லை.
புகார்ப் புத்தகத்தில் மாம்பலத்து அம்மாள் ஒருவர்
'மரியாதை தெரியாத பெண்கள்' என்று எழுதினார்.
விடுதிக்கு வாங்கும் தைலம்
முப்பது பாட்டிலிலிருந்து பதினெட்டானது.
இதையெல்லாம் கூட்டிக் கழிக்க
எனக்கு ஒரு கட்டம் கிடைக்கவில்லை.

தீபாவளிக்கு இடம் போதவில்லை என்று
முக்காலிகள் குடோனுக்குப் போயின,
ஒன்றுக்குள் ஒன்றாய், நாலு தூண்களாக.
இன்ஸ்பெக்டர் வந்த அன்று
பத்து நிமிஷத்தில் மேலேறி
அவர் காபி குடித்துப் போனதும்
திரும்ப இறங்கின.

ஐப்பசி மழையில் ஒரு காலை
செல்லக்கனி என் மேஜைக்கு வந்தாள்.
"சார், மரச்சாமான்னு நாப்பத்திரண்டு
எழுதியிருக்கீங்களாமே. எங்க இருக்கு?"
குரலை உயர்த்தவில்லை. பின்னால் எட்டுப் பேர்.
சட்டம் என்ற சொல்லை யாரும் எடுக்கவில்லை,
எடுக்கத் தேவையில்லாதபடி நின்றார்கள்.

அப்போதுதான் பார்த்தேன்,
அவர்கள் நிற்கிறார்கள், நான் உட்கார்ந்திருக்கிறேன்.
இருபத்தாறு வருஷமாக. சுழல் நாற்காலி,
அதன்மேல் மனைவி தைத்த பஞ்சு மெத்தை.
எந்தச் சட்டத்தையும் கேட்காமல்.
முன்னொரு ஆடியில் கால் மரத்து விழுந்தவளுக்கு
அரை நாள் சம்பளம் பிடித்த வரி
என் கையெழுத்தில்தான் இருக்கிறது.
எழுந்து குடோன் சாவியை எடுத்தேன்.

மேலே வந்தவை நாற்பத்தொன்று.
ஒன்றைத் தேடி மாடி மாடியாய் அலைந்து
வாசலுக்கு வந்தால்
செக்யூரிட்டி வேலப்பன், ஏஜென்சி ஆள்,
எங்கள் மஸ்டரில் பெயர் வராதவர்,
பெரிய குடைக்குக் கீழே அதில் உட்கார்ந்து
நனைந்த காலுறையைப் பிழிந்துகொண்டிருந்தார்.
என்னைப் பார்த்ததும் எழப் போனார்.

"எண்ணத்தான் வந்தேன், உட்காருங்க" என்றேன்.
நாற்பத்திரண்டு. கணக்கு சரி.